வைரம் இருந்தவரை ஆல்டர்மேன்

கெலாங் பாத்தாவிலிருந்து இரண்டாவது பாலத்தைத் தாண்டி சிங்கப்பூருக்கு வேலைக்குப் போகிறவர்களில் பலருக்கு வாட்டர்லூ ஸ்திரீட் பழக்கமான இடம். அங்கே ஸ்ரீ கிருஷ்ணன் கோயில் இருக்கிறது. பக்கத்திலேயே குவான் இம் கோயில். அங்கே கும்பிட்ட சீனர்கள் கிருஷ்ணனுக்கும் ஓர் ஊதுபத்தி ஏற்றிவிட்டுப் போவார்கள். அதே தெருவில் இன்னும் கொஞ்சம் நடந்தால் மகேன் அபோத் என்ற யூதர் தொழுகைக்கூடம் வரும். 1878ல் திறக்கப்பட்டது. 1955ல் சிங்கப்பூரின் முதல் முதலமைச்சரான டேவிட் மார்ஷல் பாக்தாத் வழிவந்த யூதர். கோயிலுக்குப் போகிறவர்கள் அந்தத் தொழுகைக்கூடத்தின் பக்கம் திரும்பிப் பார்ப்பது அபூர்வம்.

இன்று யூதர் என்றதுமே நம் ஊரில் பேச்சு பாலஸ்தீனத்துக்குப் போய்விடும். அது வேறு கட்டுரை. இங்கே சொல்ல வருவது இஸ்ரேல் என்ற நாடு உருவாவதற்கு சில நூறு ஆண்டுகளுக்கு முந்தைய கதை. ஐரோப்பியர்கள் தங்கள் நடுவே வாழ்ந்த ஒரு சின்னஞ்சிறு கூட்டத்தை எந்தக் கண்ணால் பார்த்தார்கள் என்பதும், அந்தப் பார்வை கப்பலேறிச் சென்னைக்கு வந்தபோது என்ன ஆனது என்பதும்தான் விஷயம்.

தமிழர்களில் பெரும்பாலோருக்குத் தெரிந்த ஒரே யூதன் ஷைலாக். ஷேக்ஸ்பியரின் வெனிஸ் வணிகன் நாடகம் பள்ளிக்கூடத்தில் பாடமாக வந்தது, மேடையேறியது, 1940ல் செருகளத்தூர் சாமா நடிக்கத் தமிழ்ப் படமாகவும் வந்தது. கடனைத் திருப்பாதவனிடம் ஒரு பவுண்டு சதையை அறுத்துக் கேட்கிற வட்டிக்காரன். இந்த ஊர்க் கள்ளவட்டிக்காரன் ஆ லோங் கூட வீட்டுக் கதவில் சிவப்புச் சாயத்தை ஊற்றுவதோடு நிறுத்திக்கொள்வான்.

வேடிக்கை என்னவென்றால், ஷேக்ஸ்பியர் அதை எழுதிய 1596 வாக்கில் இங்கிலாந்தில் யூதர்களே கிடையாது. 1290ல் முதலாம் எட்வர்ட் மன்னர் அத்தனை பேரையும் நாடு கடத்திவிட்டார். அதற்குப் பிறகு முந்நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேல் யாரும் யூதராக வெளிப்படையாக அங்கே வாழ முடியவில்லை. லண்டனில் இருந்ததெல்லாம் போர்த்துகலிலிருந்து தப்பி வந்து, வெளியே கிறிஸ்தவர்களாக நடமாடிய சில குடும்பங்கள். அவர்களில் ஒருவர் ரொட்ரிகோ லோப்பஸ், முதலாம் எலிசபெத் அரசியின் வைத்தியர். அரசிக்கு விஷம் வைக்கச் சதி செய்தார் என்று குற்றம் சாட்டி 1594ல் அவரைத் தூக்கில் போட்டார்கள். ஞானஸ்நானம் பெற்று ஒழுங்காகச் சர்ச்சுக்குப் போன மனிதர்தான். ஆனால் வழக்கு என்று வந்ததும் அவருடைய யூதப் பிறப்பே பெரிய சாட்சியாகிவிட்டது. அந்தச் சூடு ஆறுவதற்குள் ஷைலாக் மேடைக்கு வந்துவிட்டான். ஊரில் கண்ணால் பார்த்திராத ஒருவனைப் பற்றி ஊர் முழுக்க எல்லாம் தெரிந்து வைத்திருந்தார்கள்.

வட்டி வாங்காத ஊரா அது? அதுவும் இல்லை. பத்து விழுக்காடு வரை வட்டியைப் பொறுத்துக்கொள்ளும் சட்டம் 1571ல் வந்தது. அதற்கு முந்தைய ஆண்டு, தடையை மீறி வட்டி வாங்கியதாக வழக்குக்கு இழுக்கப்பட்டவர்களில் ஒருவர் ஸ்ட்ராட்ஃபோர்டைச் சேர்ந்த ஜான் ஷேக்ஸ்பியர். நாடகாசிரியரின் அப்பா.

நிஜ வெனிஸில் நடந்தது இன்னும் சுவையானது. 1516ல் அந்த நகரத்து ஆட்சிமன்றம், யூதர்கள் எல்லோரும் கன்னரேஜோ பகுதியில் பழைய வார்ப்படச்சாலை இருந்த தீவுக்குள்தான் குடியிருக்க வேண்டும் என்று உத்தரவிட்டது. சுற்றிலும் கால்வாய். கதவுகளை இரவில் பூட்டி, விடிகாலை மணி அடித்ததும் திறப்பார்கள். காவலுக்குக் கிறிஸ்தவக் காவலாளிகள், கால்வாயில் சுற்றிவரக் காவல் படகுகள். இந்தக் காவலுக்கான கூலியைக் கொடுக்க வேண்டியது யார் என்றால், உள்ளே பூட்டப்பட்டவர்கள்! வெளியே வரும்போது முதலில் மஞ்சள் தொப்பி போட வேண்டும் என்றிருந்தது, பிறகு சிவப்பானது. ஆள்கள் பெருகினார்கள், நிலம் பெருகவில்லை. அதனால் வீடுகள் மேல்நோக்கி வளர்ந்து ஏழெட்டு மாடியாயின.

இரவில் பூட்டிய அதே கதவு வழியாகப் பகலில் ஊர் உள்ளே வந்தது. பழைய துணி வாங்க வருவார்கள், தூதர்கள் தங்கும் மாளிகைகளுக்கு மேஜை நாற்காலி வாடகைக்கு எடுக்க வருவார்கள், வைத்தியரைத் தேடி வருவார்கள். நகையை அடகு வைக்கச் சிவப்பு, பச்சை, கறுப்பு என்று பெயர் வைத்த மூன்று அடகுக்கடைகள் இருந்தன. யூத மதகுரு ரபி லியோன் மொடேனா பிரசங்கம் செய்கிறார் என்றால் கேட்பதற்குக் கிறிஸ்தவப் பிரபுக்களும் துறவிகளும் வந்து உட்காருவார்கள். அந்த அடகுக்கடைகளை நடத்துவது யூதர்கள் விரும்பித் தேர்ந்த தொழிலும் அல்ல. ஏழைகளுக்குக் குறைந்த வட்டிக்குக் கடன் கொடுத்தால்தான் நகரத்தில் இருக்கலாம் என்பது அரசு போட்ட நிபந்தனை. ஷைலாக் மேடையேறிய காலத்தில் அந்த வட்டி ஐந்து விழுக்காடு. கடைகளில் நஷ்டம் விழுந்தது, நஷ்டத்தைச் சமூகமே பங்கிட்டுக்கொண்டது. சட்டப்படி லண்டனில் கிறிஸ்தவன் வாங்கக்கூடியதில் பாதி வட்டியை வாங்கிக்கொண்டு, வெனிஸ் யூதன் உலகத்துக்கே கொடுமைக்கார வட்டிக்காரனாக ஆனான்.

இந்தத் தொழில் அவர்கள் தலையில் விழுந்ததற்குக் காரணம் எளிது. பல நாடுகளில் யூதர்கள் நிலம் வாங்க முடியாது, கைவினைஞர் சங்கங்களில் சேர முடியாது. கிறிஸ்தவன் வட்டிக்கு விடக் கூடாது என்றது திருச்சபை. அரசர்களுக்கோ பணம் வேண்டும். ஆக, ஜனங்களிடம் கடன் கொடுத்து வாங்கும் கெட்ட பெயரை யூதர் சுமக்க, அவர்களிடமிருந்து வரியாக அரசர் கறந்துகொள்வார். ஜனங்களுக்குக் கோபம் வந்தால் அது அரண்மனை வரை போகாது, யூதர் தெருவோடு நின்றுவிடும். 1614ல் பிராங்க்பர்ட்டில் ஃபெட்மில்ஷ் என்ற ரொட்டி வியாபாரி ஒரு கூட்டத்தைத் திரட்டி யூதர் தெருவைச் சூறையாடினார், குடியிருந்தவர்கள் ஊரைவிட்டே துரத்தப்பட்டார்கள். பேரரசர் தலையிட்டு 1616ல் ஃபெட்மில்ஷைக் கொன்று, யூதர்களைத் திரும்பக் குடியேற்றினார். அதில் அன்பு எவ்வளவு, வரவேண்டிய வரி எவ்வளவு என்பதை வாசகர்களே கணக்குப் போட்டுக்கொள்ளலாம். அந்தப் பாதுகாப்பும் ஆளும் புள்ளி உயிரோடு இருக்கும்வரைதான். வூர்ட்டம்பெர்க் கோமகனின் கஜானாவைக் கவனித்த யோசப் சூஸ் ஓப்பன்ஹைமரை, கோமகன் செத்த கையோடு பிடித்து, 1738ல் ஸ்டுட்கார்ட்டில் தூக்கிலிட்டு, உடலை இரும்புக் கூண்டில் வைத்து ஆறு ஆண்டுகள் தொங்கவிட்டார்கள்.

இதை வாசிக்கும் தமிழருக்குப் பர்மா ஞாபகம் வர வேண்டும். ஐராவதி ஆற்றுப் படுகையில் நெல் விளையக் கடன் கொடுத்தவர்கள் நாட்டுக்கோட்டை நகரத்தார்கள். ஆங்கிலேய வங்கிகள் விவசாயியை நேரில் பார்ப்பதில்லை, இடையில் செட்டியார்தான். 1930ல் நெல் விலை சரிந்தது. கடன் திரும்பவில்லை, ஈடு வைத்த நிலம் திரும்பியது. முக்கியமான 13 நெல் மாவட்டங்களில் 1930ல் ஆறு விழுக்காடாக இருந்த செட்டியார் நிலம் ஏழெட்டு ஆண்டுகளில் 25 விழுக்காடானது. நிலத்தை வைத்துக்கொண்டு அவர்கள் என்ன செய்வது? அவர்களுக்கு வேண்டியது ரொக்கம். ஆனால் பர்மியப் பேச்சிலும் எழுத்திலும் செட்டியார் நிலந்தின்னி ஆகிவிட்டார். மலாயாவிலும் 1913ல் மலாய் ஒதுக்கீட்டு நிலச் சட்டம் வந்ததற்குச் சொன்ன காரணங்களில், கிராமத்து நிலம் வட்டிக்கடைகளுக்குப் போகிறது என்ற பயமும் ஒன்று. அந்தப் பயம் வெறும் கற்பனையும் அல்ல, நிலத்தை இழந்தவனின் வலி உண்மையானது. ஆனால் வங்கி, நெல் ஆலை, விலை நிர்ணயம் என்று பின்னால் நின்ற அத்தனையும் மறைந்து, கண்ணுக்குத் தெரிந்த ஒரு முகம் மட்டும் பழியைச் சுமந்தது என்பதில் வெனிஸுக்கும் ரங்கூனுக்கும் பெரிய தூரமில்லை.

வெறுப்பு எல்லா இடத்திலும் பணத்திலிருந்து பிறக்கவும் இல்லை. 1492ல் ஸ்பெயின் யூதர்களைத் துரத்தியது. போர்த்துகல் 1497ல் வேறு வழி கண்டது: எல்லோருக்கும் கட்டாய ஞானஸ்நானம். அப்படி மதம் மாறியவர்களைப் ‘புதுக் கிறிஸ்தவர்’ என்று தனியாகக் குறித்து வைத்துக்கொண்டு, பேரன் பேத்தி காலம் வரை சந்தேகித்தார்கள். சனிக்கிழமை அடுப்பு புகைகிறதா, பன்றிக்கறி சாப்பிடுகிறார்களா என்று வேலைக்காரர்களும் அண்டை வீட்டாரும் சாட்சி சொல்வார்கள். இந்தச் சாட்சிகளை விசாரித்த திருச்சபையின் விசாரணை மன்றம் 1560ல் கோவாவுக்கும் வந்தது. மலாக்கா உட்படக் கிழக்கில் இருந்த போர்த்துக்கீசிய ஊர்கள் அத்தனையும் அதன் அதிகாரத்துக்குள்.

கோவாவில் கார்சியா த ஓர்த்தா என்ற வைத்தியர் இருந்தார். இந்திய மூலிகைகளையும் வாசனைச் சரக்குகளையும் பற்றி 1563ல் அவர் வெளியிட்ட நூலை ஐரோப்பா தலையில் வைத்துக் கொண்டாடியது. அவருடைய பெற்றோர் கட்டாய ஞானஸ்நானம் பெற்ற யூதர்கள். 1568ல் மரியாதையோடுதான் இறந்தார். அடுத்த ஆண்டு அவருடைய சகோதரி கத்தரீனாவை எரித்தார்கள். 1580ல் ஓர்த்தாவின் எலும்புகளையும் தோண்டியெடுத்து எரித்தார்கள்.

அதே மேற்குக் கடற்கரையில் இன்னொரு ஏற்பாடு அதற்கு ஐந்து நூற்றாண்டுக்கு முன்பே இருந்தது. சேர மன்னர் பாஸ்கர ரவிவர்மன் 1000ம் ஆண்டு வாக்கில் யோசப் ரப்பான் என்ற யூத வணிகருக்கு அஞ்சுவண்ணம் என்ற வணிகக் குழுவின் உரிமையையும் அதோடு சேர்ந்த 72 பேறுகளையும் வட்டெழுத்தில் செப்பேடாக எழுதிக் கொடுத்தார். பகல்விளக்கு, பல்லக்கு, குடை என்று அரசன் பிரபுக்களுக்குக் கொடுக்கும் மரியாதைகள் அவை. கொச்சி மன்னர் தன் அரண்மனைக்கு அருகிலேயே இடம் தர, 1568ல் பரதேசி சினகாக் என்ற தொழுகைக்கூடம் எழுந்தது. கதையை அழகாக இங்கேயே முடித்துவிடலாம்தான், ஆனால் முழுசாகச் சொல்ல வேண்டும். ஐரோப்பாவிலிருந்தும் மேற்காசியாவிலிருந்தும் வந்த ‘வெள்ளை’ யூதர்கள், உள்ளூரில் பல நூற்றாண்டாக இருந்த யூதர்களைத் தங்களோடு சமமாக உட்கார விடவில்லை. பரதேசி சினகாக்கிலேயே தாழ்வாக நடத்தப்பட்ட பிரிவைச் சேர்ந்த வழக்கறிஞர் ஏ.பி. சேலம், இருபதாம் நூற்றாண்டில் காந்தி வழியில் அதற்குள்ளேயே சத்தியாகிரகம் செய்ய வேண்டியிருந்தது.

இனி சென்னை.

பதினேழாம் நூற்றாண்டில் உலகத்துக்கு வைரம் கொடுத்தது இந்தியா. போர்னியோவில் கொஞ்சம் கிடைக்கும், மற்றபடி கிருஷ்ணா நதிக்கரைக் கொல்லூர் போன்ற கோல்கொண்டாச் சுரங்கங்கள்தான். அந்தக் கல்லை மதிப்பிட, வாங்க, ஆம்ஸ்டர்டாமில் பட்டை தீட்டி விற்கத் தெரிந்தவர்களில் பலர் போர்த்துகலிலிருந்து தப்பிய யூதக் குடும்பத்தினர். லண்டன், ஆம்ஸ்டர்டாம், இத்தாலியின் லிவோர்னோ என்று அவர்களுடைய அத்தை மாமன் உறவுகள் பரவியிருந்தன. விலைக்கு அவர்கள் கொண்டுவந்தது வெள்ளியும் பவளமும். மத்தியதரைக் கடலில் எடுத்து லிவோர்னோவில் பக்குவப்படுத்திய செம்பவளத்துக்குத் தென்னிந்தியாவில் நல்ல கிராக்கி. நவரத்தினத்தில் ஒன்று, சில சமூகங்களில் தாலிச்சரட்டில் கோக்கிற மணி. மாதா கோயில் பக்கமே போகாத ஒரு யூதர் லிவோர்னோவிலிருந்து அனுப்பிய பவளம், லண்டன் வழியாக வந்து காஞ்சிபுரத்துப் பெண்ணின் கழுத்தில் ஏறியிருக்கலாம். சென்னை ஜார்ஜ் டவுனில் பவளக்காரத் தெரு இன்றும் இருக்கிறது. பிற்காலத்தில் நகரத்தார்கள் சென்னைக் கடைகளை வைத்துக்கொண்டதும் அந்தத் தெருவில்தான்.

ஆம்ஸ்டர்டாமைச் சேர்ந்த ழாக் த பைவா 1680களில் இப்படித்தான் புனித ஜார்ஜ் கோட்டைக்கு வந்தார். யூதர்களுக்கென்று பெத்தநாயக்கன்பேட்டையில் அடக்கத்துக்கு இடம் வாங்கினார். சுரங்கப் பக்கம் போன பயணத்தில் நோய் கண்டு, 1687ல் அதே இடத்தில் அடக்கமானார். அவருடைய மனைவி ஹியரோனிமா பிறகு கவர்னர் இலைஹூ யேலோடு வாழ்ந்தார், சார்லஸ் என்று ஒரு மகனும் பிறந்தான். கோட்டைக்குள் வம்பு பேச நல்ல விஷயம். யேல் சென்னையில் சேர்த்த செல்வத்தில் ஒரு துளியை, சில பொதி துணிமணியும் 417 புத்தகங்களுமாக, 1718ல் அமெரிக்கக் கல்லூரி ஒன்றுக்கு அனுப்ப, கல்லூரி தன் பெயரை யேல் என்று மாற்றிக்கொண்டது.

1688 செப்டம்பர் 29ல் சென்னை மாநகராட்சி தொடங்கியது. மேயர் நத்தானியல் ஹிக்கின்சன், அவருக்குக் கீழே 12 ஆல்டர்மேன்கள், அதாவது நகரமன்ற உறுப்பினர்கள். கிழக்கிந்தியக் கம்பெனி ஆள்கள், போர்த்துக்கீசியர், சென்னை ஏகாம்பரேசுவரர் கோயில் கட்டிய ஆலங்காத்தா பிள்ளை போன்ற உள்ளூர் வணிகர்கள். அவர்களோடு சரிசமமாக மூன்று யூதர்கள்: பர்த்தலோமியோ ரொட்ரிகஸ், தொமிங்கோ தோ போர்த்தோ, அல்வாரோ த ஃபொன்சேகா. மாநகராட்சி என்ற யோசனையே லண்டனில் கம்பெனியை நடத்திய ஜோசையா சைல்டுடையது. நகரத்துக்குச் சாக்கடை, பள்ளிக்கூடம், நகர மண்டபம் எல்லாம் வேண்டும், செலவைக் கம்பெனி ஏற்காது. ஊர்ப் பெரிய மனிதர்களை அங்கி மாட்டி உட்காரவைத்தால் வரியை அவர்களே போட்டு அவர்களே கட்டிவிடுவார்கள். யூத வணிகர்கள் அந்தக் கணக்கில்தான் பெரிய மனிதர்கள் ஆனார்கள். கல்லைப் பற்றித் தெரிந்தவர்கள், வெள்ளி கொண்டுவருகிறவர்கள். கவர்னர் தாமஸ் பிட், 410 காரட் வைரம் ஒன்றை 1702ல் வாங்கி, 1717ல் பிரான்சின் ஆட்சிப் பொறுப்பாளருக்கு விற்றுப் பெரும் பணம் பார்த்தவர். அவருடைய நெருங்கிய நண்பர்களில் ஒருவர் ஐசக் சார்தோ அபெந்தானா என்ற யூத வைர வணிகர். அவர் 1709ல் சென்னையிலேயே இறந்தார்.

அதே ஆண்டுகளில் அதே ஆங்கிலேயர்களின் தலைநகரம் எப்படி இருந்தது? 1656 முதல் யூதர்கள் லண்டனில் இருக்கலாம், தொழலாம். அதற்குமேல் ஒன்றும் கேட்கக் கூடாது. 1663 அக்டோபர் 14ல் சாமுவேல் பெப்பீஸ் என்ற கடற்படை அதிகாரி அவர்களுடைய தொழுகையைப் பார்க்கப் போனார். அன்று சிம்ஹத் தோரா திருநாள். வேதச் சுருள்களைத் தோளில் சுமந்து ஆடிப்பாடும் நாள். பெப்பீஸ் அதை அறியாமல், இப்படியும் ஒரு வழிபாடா, ஒழுங்கே இல்லையே என்று முகம் சுளித்து நாட்குறிப்பில் எழுதினார். தைப்பூசத்தன்று மட்டும் பத்துமலைக்கு வந்துவிட்டு, இந்துக்கள் தினமும் இப்படித்தான் அலகு குத்திக்கொள்கிறார்கள் என்று எழுதுகிற வெள்ளைக்காரர் ரகம். 1697ல் லண்டன் பங்குச்சந்தைத் தரகர்களுக்கு எண்ணிக்கை வரையறுத்தபோது, 124 பேரில் யூதர்களுக்கு 12 இடம். நகரத்தின் குடியுரிமை பெற்ற வணிகராக ஒரு கடை திறக்கக்கூட அவர்களுக்கு வழியில்லை.

சென்னையில் ஆல்டர்மேன், லண்டனில் வேண்டாத ஆள். கடல் நடுவே ஆங்கிலேயனின் மனசு மாறிவிடவில்லை. சென்னையில் அவர்களை விட்டால் வைரத்துக்கு ஆளில்லை, லண்டனில் அவர்கள் போட்டி வியாபாரிகள். 1720களில் பிரேசிலில் வைரம் கிடைத்தது. கோல்கொண்டாச் சுரங்கங்களும் வற்றின. ஒவ்வொரு குடும்பமாகக் கப்பலேறியது. சாலமன் ஃபிராங்கோ போன்ற சிலர் 1763 வரை அங்கேயே இருந்து இறந்தார்கள். நூற்றாண்டு முடிவதற்குள் போர்த்துக்கீசிய யூதர்கள் சென்னையில் இல்லை என்றே ஆகிவிட்டது. அவர்களைத் தக்கவைக்க யாரும் பெரிதாக முயன்றதாகவும் தெரியவில்லை. மிண்ட் தெருவிலிருந்த கல்லறைக் கற்கள் 1980களில் லாயிட்ஸ் சாலைக்கு இடம் மாற்றப்பட்டன.

லண்டனில் 1753ல் ஒரு சோதனை நடந்தது. வெளிநாட்டில் பிறந்த யூதர்கள் நாடாளுமன்றத்துக்கு மனுப் போட்டுக் குடியுரிமை பெறலாம் என்று சட்டம் வந்தது. இங்கிலாந்து முழுவதும் சேர்த்தும் யூதர்கள் எட்டாயிரம் பேர்தான் இருப்பார்கள். ஆனால் புனித பால் தேவாலயம் யூதர் கோயிலாகப் போகிறது, ஆங்கிலேய ஆண்களுக்கெல்லாம் சுன்னத்து செய்யப் போகிறார்கள் என்று துண்டுப் பிரசுரங்களும் கேலிச்சித்திரங்களும் பறந்தன. தேர்தல் வேறு நெருங்கிக்கொண்டிருந்தது. அந்த ஆண்டு முடிவதற்குள்ளேயே சட்டத்தைத் திரும்பப் பெற்றார்கள்.

1835ல் டேவிட் சாலமன்ஸ் என்ற வங்கியாளரை லண்டன் மாநகராட்சிக்கு ஆல்டர்மேனாகத் தேர்ந்தெடுத்தார்கள். மெய்யான கிறிஸ்தவ விசுவாசத்தின் பேரில் உறுதிமொழி எடுக்க வேண்டும் என்றார்கள், அவர் மறுத்தார், பதவி போயிற்று. உறுதிமொழியைத் திருத்த 1845ல் நாடாளுமன்றமே சட்டம் போட வேண்டியிருந்தது. சாலமன்ஸ் அங்கியை அணிந்தது 1847ல். சென்னையில் ரொட்ரிகஸும் தோ போர்த்தோவும் ஃபொன்சேகாவும் அணிந்து அப்போது 159 ஆண்டுகள் ஆகியிருந்தன.